பதினாறாம் நாள் நீட்டிய பத்திரத்தில் கையெழுத்துப் போடலாமா?

நீங்கள் எழுதியதை நான் சரியாகப் புரிந்துகொண்டேனா என்று முதலில் பார்த்துக்கொள்ளுங்கள். அப்பாவின் பதினாறாம் நாள் காரியத்தில் உருமா கட்டு (மகன்களுக்குத் தலைப்பாகை கட்டும் சடங்கு) முடிந்து, முதல் பந்தி எழுந்த நேரம். பெரிய அண்ணன் இருபது ரூபாய் முத்திரைத்தாளில் தட்டச்சு செய்த பத்திரத்தைக் கொண்டு வந்து உங்களையும் அக்காவையும் கையெழுத்துப் போடச் சொன்னார். அக்கா மறுத்தார். "கல்யாணத்துக்கு நாப்பது பவுன் போட்டு அனுப்புனாங்களே, அது பங்கு இல்லையா?" என்று அண்ணி கேட்க, "எட்டு வருஷம் படுக்கையில கெடந்தவரைக் கழுவித் தொடச்சது யாரு?" என்று அக்கா திருப்பிக் கேட்டார். பேச்சு முற்றியபோது அத்தை, "பங்குன்னு வந்துட்டா, அந்த ஊர்ல உங்கப்பன் பெத்த புள்ள ஒருத்தன் இருக்கானே, அவனையும் சேத்துப் பிரிங்க" என்று சபை நடுவே சொல்லிவிட்டார். அம்மா ஒரு வார்த்தை பேசாமல் எழுந்து உள்ளே போனார். அவருக்கு முன்பே தெரியும் என்று அப்போதுதான் உங்களுக்குப் புரிந்தது. சொத்து மூன்றரை ஏக்கர் நஞ்சை, ஒரு வீடு, கொஞ்சம் வங்கிப் பணம். பிள்ளைகள் நால்வர்: இரண்டு அண்ணன்மார், அக்கா, நீங்கள். அப்பத்தா உயிரோடு இருக்கிறார். முப்பது கும்பிடுவதற்குள் கையெழுத்துப் போட்டுவிட்டால் எல்லாம் அடங்கிவிடும் என்று பெரியவர்கள் சொல்கிறார்கள். போடலாமா என்று கேட்கிறீர்கள்.

இதற்குள் இரண்டு கேள்விகள் இருக்கின்றன. கையெழுத்து ஒன்று. அதைப் போடாவிட்டால் அண்ணன் தங்கை உறவே போய்விடுமோ என்ற பயம் இன்னொன்று. உங்களை அதிகம் வருத்துவது இரண்டாவதுதான் என்று நினைக்கிறேன். குடும்பச் சொத்து வழக்குகளும் சமரசப் பேச்சும் என் அன்றாட வேலை என்பதால் முதல் கேள்விக்குத் தயக்கமில்லாமல் பதில் சொல்ல முடியும்: அந்தத் தாளில் போடாதீர்கள். அண்ணன் ஏமாற்றுகிறார் என்று நான் சொல்லவில்லை. அவருடைய மனம் எனக்குத் தெரியாது. அத்தை சபையில் சொன்னதற்குப் பிறகு, யார் நல்லெண்ணத்தோடு எழுதினாலும் அந்தத் தாள் சரியாக இருக்க முடியாது. ஒரு குடும்பத்தில் மறைந்திருந்த பிள்ளை வெளியே தெரிந்தால் ஊர் அதை மானப் பிரச்சினையாகப் பேசும். சட்டத்தின் முன் அது வாரிசுகள் எத்தனை பேர் என்ற எண்ணிக்கை. எண்ணிக்கை முடியாமல் எழுதிய பாகப்பத்திரமோ, பங்கை விட்டுக்கொடுக்கும் விடுதலைப் பத்திரமோ பத்துப் பதினைந்து வருடம் கழித்து, நிலத்தை விற்கவோ கடன் வாங்கவோ போகும் நாளில், உங்கள் பிள்ளைகளின் தலையில் விழும்.

தாளைக் கையில் வாங்கி மெதுவாகப் படித்துப் பாருங்கள். இந்த மாதிரித் தாள்கள் ஏறக்குறைய ஒரே வாய்ப்பாட்டில்தான் இருக்கும்: "எனக்குச் சேர வேண்டிய பாகம் முழுவதையும் ரொக்கமாகவும் நகையாகவும் சீர்வரிசையாகவும் ஏற்கெனவே பெற்றுக்கொண்டபடியால், மேற்படியாரின் சகல சொத்துக்களிலும் இனி எனக்கோ என் வாரிசுகளுக்கோ யாதொரு உரிமையும் பாத்தியதையும் இல்லை." இதில் 'ஏற்கெனவே பெற்றுக்கொண்டபடியால்' என்பதுதான் மிகவும் கனமான சொல். திருமணச் சீர் பங்குக்குச் சமம் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. ஆனால் சமம்தான் என்று நீங்களே எழுதிக் கொடுத்ததாக ஆகிவிடும். அடுத்தது 'சகல சொத்துக்களிலும்'. சர்வே எண், விஸ்தீரணம், நான்கெல்லை எதுவும் இல்லாமல் இப்படி ஒரு சொல் வந்தால், உங்களுக்கு இன்றுவரை தெரியாத மனையும் அதில் அடக்கம் என்று நாளைக்கு வாதாடுவார்கள். மூன்றாவது, பெரும்பாலும் முதல் பத்தியிலேயே வரும் 'எங்களைத் தவிர வேறு வாரிசுகள் இல்லை' என்ற வரி. பதினைந்தாம் நாள் வரை உங்களுக்குத் தெரியாது என்பதால் அது உங்களைப் பொறுத்தவரை உண்மை. பதினாறாம் நாள் மாலைக்குப் பிறகு அதன் கீழே கையெழுத்துப் போட்டால் அது தெரிந்தே எழுதியது.

"இருபது ரூபாய்ப் பத்திரம்தானே, பதிவு செய்யாதது செல்லாதே" என்று யாராவது சமாதானம் சொல்வார்கள். பாதிதான் உண்மை. 1908ஆம் ஆண்டுப் பதிவுச் சட்டம் 17ஆம் பிரிவுப்படி, 100 ரூபாயும் அதற்கு மேலும் மதிப்புள்ள அசையாச் சொத்தில் உரிமையை விட்டுக்கொடுக்கும் ஆவணம் கட்டாயம் பதிவாக வேண்டும். பதிவாகாத தாளால் உங்கள் பங்கு அண்ணனுக்குப் போய்விடாது. ஆனால் குடும்பத்துக்குள் முன்பே வாய்மொழியாக முடிவான ஏற்பாட்டை நினைவுக்காகக் குறித்து வைக்கும் தாளுக்குப் பதிவு தேவையில்லை என்று சட்டம் ஒப்புக்கொள்கிறது. உங்கள் தாளையும் அந்த வகை என்று காட்டுவதே பிறகு எதிர்த்தரப்பின் முதல் வாதமாக இருக்கும். பதிவான பத்திரத்தில் போட்டுவிட்டுப் பின்னால் ரத்துச் செய்ய வழக்குப் போடுவதென்றால், ரத்துக்கான காரணம் தெரிந்த நாளிலிருந்து 3 ஆண்டுகள்தான் காலம்.

வாரிசுகளை எண்ணுவோம். நீங்கள் இந்துக் குடும்பம் என்று வைத்துக்கொண்டு எழுதுகிறேன். கிறிஸ்தவர்களுக்கும் இஸ்லாமியர்களுக்கும் கணக்கே வேறு. அப்பா உயில் எழுதாமல் இறந்திருந்தால் அவருடைய சொந்தச் சொத்து 1956ஆம் ஆண்டு இந்து வாரிசுரிமைச் சட்டம் 8ஆம் பிரிவுப்படி முதல் வகை வாரிசுகளுக்குச் சமமாகப் போகும்: மனைவி, மகன்கள், மகள்கள், அவரைப் பெற்ற தாய். மகளுக்குத் திருமணம் ஆகிவிட்டதா என்பது இதில் கேள்வியே இல்லை. எல்லோரும் மறந்துவிடுவது அந்தத் தாயை. திண்ணையில் உட்கார்ந்து மகனுக்காக அழுதுகொண்டிருக்கும் அப்பத்தாவுக்கு உங்கள் பெரிய அண்ணனுக்கு உள்ள அளவு பங்கு உண்டு. அவர் பெயர் இல்லாத வாரிசுச் சான்றிதழும் பத்திரமும் குறையுள்ளவை.

"எல்லாம் பூர்வீகச் சொத்துப்பா" என்று ஊரில் சொல்வதும் சட்டத்தில் பூர்வீகம் என்பதும் ஒன்றல்ல. குடும்பங்கள் அதிகம் இடறுவது இங்கேதான். தாத்தா தானாகச் சம்பாதித்து வாங்கிய நிலம், அவர் 17.6.1956க்குப் பிறகு உயில் இல்லாமல் இறந்தார் என்றால், அது அன்றைக்கே அப்பத்தா, அப்பா, அத்தை மூவருக்கும் சமமாக இறங்கிவிட்டது. அப்பாவுக்கு வந்த பங்கு அவருடைய தனிச்சொத்து. உங்கள் 350 சென்டில் அவருக்கு உரியது 116 சென்டுக்குச் சற்று அதிகம்தான். மீதி அப்பத்தாவுடையது, அத்தையுடையது. அத்தை எப்போதாவது தம்பிக்கு விடுதலைப் பத்திரம் எழுதிக் கொடுத்திருந்தால் அது வில்லங்கச் சான்றில் தெரியும். எழுதிக் கொடுக்காமல், கேட்கவும் ஆளில்லாமல் இத்தனை வருடம் வாய்மூடி இருந்திருந்தால், அன்றைக்கு அவர் வாயிலிருந்து வந்தது வெறும் வம்பு என்று நினைக்காதீர்கள். தன் வாழ்க்கையில் நடந்ததே தம்பி மகள்களுக்கும் நடப்பதை ஒரு பெண் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார். இது என் ஊகம்தான். ஆனால் சபையில் ரகசியத்தை உடைப்பவர்களுக்குப் பெரும்பாலும் தீராத ஒரு கணக்கு சொந்தமாக இருக்கும். அதை அவரிடம் தனியாகக் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.

நிலம் தலைமுறை தலைமுறையாகக் கூட்டுக்குடும்பச் சொத்தாக வந்து, பங்காளிகளுக்குள் நடந்த பாகப்பிரிவினையில் அப்பாவுக்கு ஒதுங்கியது என்றால் வேறு கணக்கு. அதில் பிள்ளைகளுக்குப் பிறப்பிலேயே உரிமை. தமிழ்நாட்டில் 25.3.1989 அன்று திருமணமாகாமல் இருந்த மகள்களுக்கு மாநிலச் சட்டத் திருத்தமே அந்த உரிமையைத் தந்தது. 9.9.2005 முதல் மத்தியத் திருத்தம் திருமணமானவர்களுக்கும் தந்தது. அந்தத் தேதியில் அப்பா உயிரோடு இருந்திருக்க வேண்டிய அவசியமில்லை என்று உச்ச நீதிமன்றம் 11.8.2020 தீர்ப்பில் தெளிவாக்கிவிட்டது. 20.12.2004க்கு முன்பே சட்டப்படி முடிந்துபோன பாகப்பிரிவினையையும் விற்பனையையும் மட்டும் இது தொடாது. இந்தக் கணக்கில், அப்பா இறப்பதற்குச் சற்று முன் பாகம் நடந்ததாக வைத்து அப்பாவுக்கும் நான்கு பிள்ளைகளுக்குமாக ஐந்து பங்கு போடுவார்கள். தமிழ்நாட்டில் பின்பற்றும் முறைப்படி இந்த முதல் சுற்றில் அம்மாவுக்குத் தனிப் பங்கு இல்லை. பிறகு அப்பாவின் ஐந்தில் ஒரு பங்கை மட்டும் வாரிசுகளுக்குப் பிரிப்பார்கள்.

அந்த இன்னொரு பிள்ளை இங்கே எங்கே வருகிறார்? உறுதியாகச் சொல்லக்கூடியது இது. முதல் மனைவி இருக்கும்போது செய்துகொண்ட இரண்டாம் திருமணம் செல்லாது. அந்தப் பெண்மணிக்கு மனைவி என்ற முறையில் பங்கு இல்லை. ஆனால் அந்தத் திருமணத்தில் பிறந்த பிள்ளை இந்துத் திருமணச் சட்டம் 16ஆம் பிரிவுப்படி முறையான பிள்ளையே. தகப்பன் சொத்தில் அவருக்குப் பங்கு உண்டு. கூட்டுக்குடும்பச் சொத்தில் பிறப்புரிமை இல்லை. ஆனால் கணக்குக்காகப் பிரித்த அப்பாவின் பங்கில் உரிமை உண்டு என்று உச்ச நீதிமன்றத்தின் மூவர் அமர்வு 1.9.2023 அன்று தீர்ப்பளித்தது. உறுதியில்லாதது, எந்த வடிவத்திலாவது திருமணம் நடந்ததா என்பது. கோயிலில் தாலி கட்டியிருக்கலாம், இரு வீட்டுப் பெரியவர்கள் முன் நடந்திருக்கலாம், எதுவுமே நடக்காமலும் இருந்திருக்கலாம். திருமணமே இல்லாத உறவில் பிறந்த பிள்ளைக்கு 16ஆம் பிரிவு உதவாது. நீண்ட காலம் சேர்ந்து வாழ்ந்ததை வைத்துத் திருமணம் நடந்ததாக அனுமானிப்பதா என்பது சாட்சியத்தைப் பொறுத்து வழக்குக்கு வழக்கு மாறும். இதைத் தொலைவிலிருந்து யாரும் தீர்த்துச் சொல்ல முடியாது. நானும் சொல்லவில்லை.

அவருக்கு உரிமை உண்டு என்றே வைத்து, 350 சென்டில் எண்களைப் பாருங்கள். நிலம் முழுக்க அப்பாவின் தனிச்சொத்து என்றால் அம்மா, அப்பத்தா, நீங்கள் நால்வர், அவர் என ஏழு பங்கு. ஆளுக்கு 50 சென்ட். கூட்டுக்குடும்பச் சொத்து என்றால் முதலில் ஐந்தாகப் பிரித்து ஆளுக்கு 70. அப்பாவின் 70 சென்டை ஏழாகப் பிரித்தால் ஆளுக்குப் 10. ஆக நீங்கள் நால்வருக்கும் தலைக்கு 80, அம்மாவுக்கும் அப்பத்தாவுக்கும் அவருக்கும் தலைக்குப் 10. "பாதிச் சொத்தைக் கேட்டு வந்து நிற்பான்" என்ற பயத்தில் குடும்பங்கள் வெட்டு குத்து வரை போகின்றன. பேனாவும் தாளும் எடுத்து இந்த எண்ணை எழுதிக் காட்டினால் பாதிச் சூடு அங்கேயே இறங்கும். இதே கணக்கில் அம்மாவுக்கு வருவது வெறும் 10 சென்ட் என்பதையும் கவனியுங்கள். அவர் காலம் வரை வீடும், சாப்பாட்டுக்கு ஒரு வயலும் அவருக்கு என்று பிள்ளைகள் நால்வரும் சேர்ந்து எழுதிக் கொடுப்பதுதான் சரி என்பது என் கருத்து. சட்டம் அதைத் தானாகச் செய்துகொடுக்காது.

இனி மனக்கசப்புகளுக்கு வருகிறேன். நாற்பது பவுனும் எட்டு வருடமும் பார்க்க ஒரே மாதிரித் தெரிந்தாலும் வேறு வேறு வகை. பவுன் கணக்கை எடுக்கவே வேண்டாம் என்பேன். எடுத்தால் எல்லோருடைய கணக்கையும் எடுக்க வேண்டிவரும்: அண்ணனின் படிப்புச் செலவு, வெளிநாடு போக ஏஜென்டுக்குக் கட்டிய பணம், சின்ன அண்ணனின் கடைக்குப் போட்ட முதல், பேரப்பிள்ளைகளுக்குச் செய்த காதுகுத்துச் சீர். பவுனை அன்றைய விலையில் பார்ப்பதா இன்றைய விலையிலா என்ற கேள்விக்கே ஒரு நாள் போய்விடும். இரண்டு தரப்பும் ஏற்கும் விடை அதற்குக் கிடைத்து நான் பார்த்ததில்லை. "அப்பா உயிரோடு இருக்கும்போது யாருக்கு என்ன செய்தாரோ அது அவர் இஷ்டம், அதற்குள் யாரும் போக வேண்டாம்" என்ற ஒரே வாக்கியத்துக்கு நால்வரும் சம்மதித்தால் போதும்.

அக்காவின் எட்டு வருடத்தை அப்படிக் கடந்துவிட முடியாது. பார்த்துக்கொண்ட பிள்ளைக்குக் கூடுதல் பங்கு என்று வாரிசுரிமைச் சட்டத்தில் இல்லை. ஆகவே அது பேச்சில்தான் தீர வேண்டும். கைக்காசைப் போட்டுச் செய்த செலவு ஒரு பகுதி. மருந்துக் கடை ரசீது, மருத்துவமனைக் கட்டணம், படுக்கைப் புண்ணுக்கு வாங்கிய காற்று மெத்தை, ஆள் வைத்திருந்தால் அந்தச் சம்பளம். இதை ஒரு தாளில் எழுதி, வங்கிப் பணத்தைப் பிரிக்கும் முன்பே அக்காவுக்குக் கழித்துக் கொடுத்துவிடலாம். உடலுழைப்பு வேறு. அதற்கு விலை போடப் போனால் கெடும். மாதம் 6,000 என்று வைத்தால்கூட 96 மாதத்துக்கு 5,76,000 ரூபாய். அந்த எண்ணைச் சொன்ன நொடியில் "பெத்த அப்பனுக்குச் செஞ்சதுக்குக் கூலியா?" என்று ஒருவர் கேட்பார். அக்காவின் எட்டு வருடமும் கூலியாகிவிடும். எனக்குத் தெரிந்து பலன் தருவது இரண்டு. வயல் பிரிக்கும்போது அக்கா முதலில் தனக்கான துண்டைத் தேர்ந்தெடுக்கட்டும். பாகப்பத்திரத்தின் முகவுரையில், 'தகப்பனாரை அவரது இறுதிக் காலத்தில் மூத்த மகள் உடனிருந்து பராமரித்து வந்ததை நாம் அனைவரும் ஒப்புக்கொள்கிறோம்' என்று ஒரு வரி வரட்டும். பத்திர எழுத்தர் "இது தேவையில்லம்மா" என்பார். எழுதச் சொல்லுங்கள். நிலத்தை விட அந்த வரிக்காகவே காத்திருப்பவர்கள் உண்டு.

அம்மாவிடம் எப்படிப் பேசுவது என்று நீங்கள் கேட்கவில்லை, ஆனால் எல்லாமே அங்கிருந்துதான் தொடங்க வேண்டும். நான்கு பேரும் சேர்ந்து போய் உட்காராதீர்கள், அது விசாரணையாகிவிடும். ஒருவர் மட்டும், சாப்பாடு முடிந்து வீடு அடங்கிய பிறகு போங்கள். "ஏம்மா மறைச்ச?" என்பது கேட்கவே கூடாத கேள்வி. அதற்குப் பதில் ஒரு முழு வாழ்க்கை. "எங்களுக்குத் தெரிஞ்சிருச்சும்மா. உன் மேல கோவம் இல்ல. சொல்லணும்னு தோணுறப்ப சொல்லு" என்று சொல்லிவிட்டு இருந்துவிடுங்கள். அன்றே பேசலாம், மூன்று வாரம் பேசாமலும் இருக்கலாம். பேசும்போது உங்களுக்குத் தேவையான செய்திகள் சில மட்டும்: அந்தப் பிள்ளைக்கு இப்போது என்ன வயது, தாயார் இருக்கிறாரா, தாலி கட்டியதாகப் பேச்சு உண்டா, அப்பா அவர்களுக்கு ஏற்கெனவே ஏதாவது எழுதிக் கொடுத்தாரா. கடைசிக் கேள்வி மிக முக்கியம். பல தகப்பன்மார் உயிரோடு இருக்கும்போதே ஒரு மனையை அங்கே எழுதி வைத்துவிடுவார்கள். பாதிப் பிரச்சினை அதிலேயே முடிந்திருக்கும்.

அந்தப் பிள்ளைக்கு அப்பா இறந்த செய்தி யாராவது சொன்னார்களா என்றும் கேளுங்கள். சொல்லியிருக்காவிட்டால் முதல் தகவல் அதுவாகத்தான் இருக்க வேண்டும், அதுவும் உங்கள் வீட்டிலிருந்து, நிதானமான ஒருவர் மூலம். முதல் சந்திப்புக்கே தாளோடு போய், "எனக்கு எந்தப் பாத்தியதையும் இல்லை" என்று எழுதி வாங்கி வருவதுதான் நம் பக்கத்தில் வழக்கமாக நடக்கும் தவறு. அதுவரை எதையும் கேட்க நினைக்காதவரைக்கூட அந்தத் தாள் நேராக வக்கீலிடம் அனுப்பிவிடும். மரபணுச் சோதனை என்ற பேச்சையும் எடுக்காதீர்கள். நீதிமன்றங்களே அதை எளிதில் உத்தரவிடுவதில்லை. அவர் பதினெட்டு வயது நிரம்பாதவர் என்றால், நீதிமன்ற அனுமதி இல்லாமல் அவர் சார்பில் தாயார் போடும் கையெழுத்தை நம்பி எதையும் முடிக்க வேண்டாம்.

பிறகு மறுபடி ஒரு கூட்டம் வேண்டும். முப்பதிலும் வேண்டாம், தலைத்திவசத்திலும் வேண்டாம். பந்தி நடக்கும் நாளில் சொத்துப் பேச்சு எடுத்தால் ஊர் முழுக்கச் சாட்சி, ஒருவரும் இறங்கி வர முடியாது. பெரிய அண்ணன் அன்றைக்கு அத்தனை பேர் முன்னால் அசிங்கப்பட்டுவிட்டார் என்பதையும் நினைவில் வையுங்கள். அவர் பின்வாங்க ஒரு தனி அறை தேவை. ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, இரண்டு மணி நேரம், அம்மாவும் அப்பத்தாவும் நீங்கள் நால்வரும் மட்டும். அண்ணிமாரும் மாப்பிள்ளைமாரும் முதல் சுற்றில் வேண்டாம். அவர்கள் கெட்டவர்கள் என்பதற்காகச் சொல்லவில்லை. தன் கணவனோ மனைவியோ பக்கத்தில் இருக்கும்போது விட்டுக்கொடுப்பது யாருக்கும் கடினம். நடுவில் இருக்க ஒரு பெரியவர் வேண்டுமென்றால் தாய்மாமனை அழைக்காதீர்கள். அவர் முதலில் உங்கள் அம்மாவுடன் பிறந்தவர், அந்த வலி அவருக்கும் இருக்கும். வரப்பு ஒட்டிய பங்காளியும் வேண்டாம், உங்கள் நிலத்தில் அவருக்கு ஆசை இருக்கலாம். ஓய்வுபெற்ற ஆசிரியர், குடும்ப மருத்துவர் போன்ற, எதுவும் கிடைக்கப்போகாத ஒருவர் போதும். கைபேசியில் பதிவு செய்யக் கூடாது, குடும்ப வாட்ஸ்அப் குழுவில் ஒரு வரிகூட எழுதக் கூடாது என்று முதலிலேயே பேசிக்கொள்ளுங்கள்.

மேசையில் தாள்கள் இருந்தால் குரல் தாழும். மூலப் பத்திரங்கள், பட்டா, குறைந்தது 1975 முதல் இன்றுவரை வில்லங்கச் சான்று, வங்கிப் புத்தகங்கள், இறப்புச் சான்றிதழ். உயில் வில்லங்கச் சான்றில் வராது என்பது பலருக்குத் தெரியாது. அப்பா பதிவு செய்த உயில் ஏதும் உண்டா என்று சார்பதிவாளர் அலுவலகத்தில் தனியாகத் தேட வேண்டும். எழுதியவர் இறந்துவிட்டதால் இப்போது மனுச் செய்து நகல் வாங்கலாம். வங்கிக் கணக்கில் நாமினியாக இருப்பவர் பணத்தை வாங்கும் உரிமை உள்ளவர்தான், சொந்தக்காரர் இல்லை. அண்ணன் நாமினி என்பதால் பணம் அவருடையது என்ற பேச்சு வந்தால் இதைச் சொல்லுங்கள். நிலத்தைச் சென்ட் கணக்கில் மட்டும் வெட்டாதீர்கள். மடை வாய்த் துண்டும் கடைமடைத் துண்டும் ஒன்றல்ல. கோடு போடுபவர் கடைசியில் எடுக்கட்டும் என்ற பழைய முறையே நியாயமானது. அக்காவுக்கு முதல் தேர்வு, மற்றவர்களுக்குத் திருவுளச் சீட்டு. ஆழ்துளைக் கிணறு யார் துண்டில் விழுகிறது, இலவச மின் இணைப்பு யார் பெயரில் இருக்கும், எந்தக் கிழமை யாருக்குத் தண்ணீர், மோட்டார் எரிந்தால் செலவு யாருடையது, வண்டிப்பாதை எத்தனை அடி அகலம் என்பதெல்லாம் பத்திரத்துக்குள் இருக்க வேண்டும். இவற்றை "பாத்துக்கலாம்" என்று விட்ட குடும்பங்கள்தான் அடுத்த தலைமுறைக் காரியத்தில் மறுபடி சண்டை போடுகின்றன.

முடிவானால் பாகப்பிரிவினையாகப் பதிவு செய்யுங்கள். குடும்பத்தாருக்குள் எழுதும் பாகப்பிரிவினைக்கும் விடுதலைக்கும் தமிழ்நாட்டில் முத்திரைத் தீர்வை 1 சதவீதம், பதிவுக் கட்டணம் 1 சதவீதம். 10.7.2023 முதல் உச்சவரம்பு முறையே 40,000, 10,000 ரூபாய். உங்கள் பத்திரத்துக்கு எவ்வளவு வரும் என்பதை அன்றைய நிலவரப்படி சார்பதிவாளர் அலுவலகத்தில் கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள். பேச்சு உடைந்தால் உடனே வழக்கு என்று போக வேண்டாம். மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் இருக்கும் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில், வழக்குப் போடும் முன்பே மனுக் கொடுத்துச் சமரசப் பேச்சு நடத்தலாம். பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவச வழக்கறிஞர் தருவார்கள். அங்கே மக்கள் நீதிமன்றத்தில் ஆகும் முடிவு நீதிமன்றத் தீர்ப்புக்குச் சமம், அதற்கு மேல்முறையீடு இல்லை. ஆகவே கையெழுத்துப் போடும் முன் ஒவ்வொரு வரியையும் படியுங்கள்.

முப்பதாம் நாள் என்ற கெடு சட்டத்தில் கிடையாது. ஒரு வாரிசு அனுபவத்தில் வைத்திருப்பதாலேயே மற்றவர்கள் பங்கு போய்விடாது. உரிமை இல்லை என்று வெளிப்படையாக மறுத்து விலக்கினால் அன்றிலிருந்து 12 ஆண்டுகள் ஓடத் தொடங்கும். இப்போது அவசரமாகச் செய்ய வேண்டியது ஒன்றுதான்: பிரிவினை ஆகும்வரை தனிப்பட்ட பெயரில் பட்டா மாற்ற வேண்டாம் என்று வட்டாட்சியருக்கு எழுத்தில் மனுக் கொடுத்து ஒப்புகை வாங்கி வையுங்கள். இதை ஒளித்துச் செய்யாதீர்கள். அண்ணனிடம் சொல்லிவிட்டே செய்யுங்கள்.

அவரிடம் எப்படிச் சொல்வது என்று தவித்தால், தொலைபேசியில் இவ்வளவு போதும்: "அண்ணே, நான் பங்குக்கு அலையல. ஆனா அந்தத் தாள்ல அப்பத்தா பேரே இல்ல, அத்தை சொன்னதுக்கும் பதில் இல்ல. சரியா எழுதினா நானே வந்து கையெழுத்துப் போடுறேன். முதல்ல நாம நாலு பேரும் உக்காந்து பேசுவோம்." அவர் கத்தினால் கத்தட்டும், பதிலுக்கு எதையும் சேர்க்காமல் வைத்துவிடுங்கள். அதற்கு முன் ஒரு நாள் அப்பத்தாவிடம் போய் உட்காருங்கள். தாத்தா எந்த வருடம் இறந்தார், நிலம் அவர் வாங்கியதா வந்ததா, அத்தை எப்போதாவது ரேகை வைத்தாரா என்று இந்த மூன்றையும் தெரிந்தவர் இப்போது அவர் ஒருவர்தான். பதினாறு நாளும் அவரிடம் யாரும் எதையும் கேட்டிருக்க மாட்டார்கள்.